குளிக்காமல் வந்தவர்

என் கடை வாசலில் ஒரு பலகை தொங்குகிறது. ‘துவைக்காத துணிக்கு இஸ்திரி போடப்படாது.’ இருபத்திரண்டு வருஷமாக அதே பலகைதான். எத்தனையோ பேர் அதைப் படித்துவிட்டுப் படிக்காத மாதிரி, “ஒரே ஒரு நாள்தான் போட்டேன், அழுக்கே இல்லக்கா” என்று சட்டையை நீட்டுவார்கள். தொடமாட்டேன். சண்டை வந்தாலும் சரி, வாடிக்கை போனாலும் சரி. சூடான பெட்டி பட்டதும் துணிக்குள் ஒளிந்துகிடக்கும் வாடையெல்லாம் எழுந்து முகத்தில் அடிக்கும். வியர்வை, சமையல் எண்ணெய், மருந்து, யாரோ அழுது துடைத்த மூக்கு. அடுத்தவர் உடம்பு எனக்கு எதற்கு? எனக்குக் கோபம் மூக்குக்கு மேலே வரும் என்று தெருவில் சொல்வார்கள். சொல்லிக்கொள்ளட்டும். என் தொழிலில் எல்லாமே மூக்கு சமாச்சாரம்தான்.

அந்தப் பலகையை எழுதிக் கொடுத்தது எதிரில் இருக்கும் கறிக்கடைக்காரரின் மனைவி. தெருவே அவளை டீச்சர் என்றுதான் கூப்பிடும், நான் டீச்சரக்கா என்பேன். அவள் எந்தப் பள்ளிக்கூடத்திலும் பாடம் நடத்தியதில்லை. அப்பாதான் வாத்தியார். அவர் திடீரென்று போய்ச் சேர்ந்ததும், வீட்டில் அடுத்தடுத்து நாலு பெண்கள் நின்றதில், மூத்தவளைக் கறிக்கடைக்குக் கட்டிக்கொடுத்துவிட்டார்கள். மாப்பிள்ளைக்கு எழுத்து வாசனையே கிடையாது. அக்கா மத்தியானம் கடை ஓய்ந்ததும் அவரை வெட்டுக்கட்டைக்கு எதிரே உட்காரவைத்து, கடைப் பலகையைக் காட்டியே எழுத்துக் கூட்டச் சொல்லிக்கொடுத்தாள். பலகையில் ‘சுத்தமான மாமிசம்’ என்று இருந்தது. அந்த மனுஷர் வாழ்க்கையில் முதன்முதலாகப் படித்த சொல் அந்த ‘மாமிசம்’தான். அன்றைக்கு அவர் மனைவியை டீச்சர் என்று கூப்பிட ஆரம்பித்தார். தெருவும் பிடித்துக்கொண்டது.

என்னுடையது கரி போடும் பெட்டி. “உனக்குக் கரி, எனக்குக் கறி. ஒரு எழுத்துதான் நமக்குள்ள வித்தியாசம், இஸ்திரி” என்பார் அவர். “அந்த ஒரு எழுத்துதான் நாறுது” என்பேன் நான். சிரிப்பார். ஆனால் அக்காவுக்கு அந்தப் பேச்சு பிடிக்காது. உள்ளே போய்விடுவாள்.

அக்காவுக்கு அந்த வாடைதான் தீராத அவமானம். சனிக்கிழமை சாயங்காலம் கடை அடைத்ததும் அவரைப் பின்கட்டில் உட்காரவைத்துத் தேய்ப்பாள். ஒரு தடவை துணி சோப்பு, ஒரு தடவை வாசனை சோப்பு, எலுமிச்சம்பழத் தோல், நகத்துக்குத் தனியாக ஒரு பிரஷ். ஞாயிற்றுக்கிழமை காலையில் மறுபடி முதலிலிருந்து. பிறகு நான் இஸ்திரி போட்டுக் கொடுத்த வெள்ளைச் சட்டை. இத்தனையும் செய்து ஆலயத்துக்குக் கூட்டிக்கொண்டு போய், அவரைக் கதவோரம் கடைசி பெஞ்சில் உட்காரவைத்துவிட்டு, தான் முன் வரிசைக்குப் போய்விடுவாள். அவர் ஒரு நாளும் ஏன் என்று கேட்டதில்லை.

ஒரே ஒரு தடவை அவர் முன்னால் போனார். ஆண்கள் ஆளுக்கொரு பாகம் வேதம் வாசிக்கும் ஞாயிறு அது. அக்காதான் கெஞ்சிக் கூத்தாடி அவர் பெயரைச் சேர்த்தாள். இரண்டு வாரம் பயிற்சி. நான் துணி மடிக்கும்போதெல்லாம் எதிரில் அது காதில் விழும். கடவுளின் வார்த்தையாக இருந்தவர் மனுஷ உடம்பெடுத்து நம்மோடு வந்து குடியிருந்தார் என்கிற பாகம். எனக்கு அந்தச் சபை கிடையாது, நான் கும்பிடுகிற சாமி வேறு. போதகரின் அங்கியை இஸ்திரி போட்டுக் கொண்டுபோனவள் பக்கவாட்டுக் கதவருகே நின்று கேட்டேன். தொண்டையைச் செருமிக்கொண்டு நன்றாகத்தான் படித்துக்கொண்டு போனார். மாம்சம் என்று வரவேண்டிய இடம். பாவம், வாய் பழகிய பாதையில் போய்விட்டது.

“மாமிசமாகி…” என்றார்.

முதலில் பாடகர் குழுவில் யாரோ ஒருவன் மூக்கால் சிரித்தான். அப்புறம் ஆலயமே சிரித்தது. அப்போதிருந்த வயதான போதகர்கூட இருமுகிற மாதிரி வாயைப் பொத்திக்கொண்டார். முன் வரிசையில் அக்கா குனிந்த தலையை நிமிர்த்தவே இல்லை. எட்டு நாள் புருஷனோடு பேசவில்லை. அவருக்கு மாமிசம் என்றே பட்டப்பெயர் நிலைத்தது. ‘மாமிசத்துக்கிட்ட அரைக்கிலோ வாங்கிட்டு வா’ என்று பிள்ளைகளை அனுப்புவார்கள். இருபது வருஷம் அந்த ஆலயப் படிகளில் அவர் ஏறவே இல்லை.

போன மழைக்காலத்தில் அக்காவுக்கு மார்பில் கட்டி என்றார்கள். அறுத்தார்கள், மருந்து ஏற்றினார்கள், முடி கொட்டி மறுபடி முளைத்தது. பிறகு அறுத்த இடமே புண்ணாகி வாய் திறந்துகொண்டது. “இனிமே வீட்டிலேயே வெச்சிப் பாத்துக்கோங்க” என்று பெரிய மருத்துவமனையில் சொல்லிவிட்டார்கள். அதற்கு என்ன அர்த்தம் என்று எல்லோருக்கும் தெரியும். வெளியூரில் இருந்த மகள் இரண்டு மாதம் வந்து பார்த்துக்கொண்டாள். அவளுக்கும் வேலை, குடும்பம். அழுதுகொண்டே போவாள், வாரக் கடைசியில் அழுதுகொண்டே வருவாள்.

கடைக்கும் சமையலறைக்கும் நடுவே ஒரு சின்ன அறை. ஜன்னலை ஒட்டிக் கட்டில். சுவருக்கு அந்தப் பக்கம் வெட்டுக்கட்டை என்பதால், அவர் கத்தியை ஓங்கிப் போடும்போதெல்லாம் அலமாரியில் இருக்கும் தண்ணீர் டம்ளர் கிணுகிணுக்கும். அந்தச் சத்தத்தைக் கேட்டுக்கொண்டேதான் அக்கா நாள் முழுக்கப் படுத்துக்கிடந்தாள்.

புண்ணின் வாடையைப் பற்றி நான் பூசி மெழுகப் போவதில்லை. அது பொல்லாத வாடை. வாசலில் நின்றாலே தெரியும். நான் ஒரு தட்டு நிறையக் கரி கொண்டுபோய்க் கட்டிலுக்கு அடியில் வைத்தேன், கரி வாடையை இழுக்கும். இரண்டு நாளுக்கு ஒரு தரம் மாற்றுவேன். அடுப்பு எரிக்கக்கூட அந்தக் கரி பிறகு ஆகாது.

“உன் கரிக்கும் வேலை வந்துடுச்சு பாரு” என்பாள் அக்கா. சிரிக்கப் பார்ப்பாள். முடியாது.

காலையில் ஒரு தரம், மத்தியானம் ஒரு தரம் அவர்தான் கட்டுப் பிரிப்பார். உப்புப் போட்டுக் காய்ச்சி ஆறவைத்த தண்ணீர், வெள்ளைத் துணி, கத்தரிக்கோல். முழு ஆட்டைக் கால் மணியில் பிரித்துப் போடுகிற கைகள் அவை. ஒட்டிக்கொண்ட துணியை நனைத்து நனைத்து, நூல் நூலாக எடுப்பார். ஒரு நாளும் முகத்தைத் திருப்பிக்கொண்டதில்லை.

“உங்களுக்கென்ன, நாள் பூரா பாக்கறதுதானே” என்றாள் அக்கா ஒரு நாள், கடுப்பாக.

“அது வேற, இது வேற டீச்சர்.”

“என்ன வேற?”

“அது வலிக்கும்னு எனக்குப் பயம் கெடையாது” என்றார்.

அக்காவின் சபையில் திருவிருந்து என்று ஒன்று உண்டு. போதகர் ஒரு துண்டு அப்பத்தை ஜெபம் பண்ணிக் கொடுப்பார். அதைச் சாமியின் உடம்பாக நினைத்து வாங்கிச் சாப்பிடுவார்கள். சாகக் கிடக்கிறவர்களுக்கு வீடு தேடி வந்து கொடுப்பார்கள். அது வாங்காமல் போகக் கூடாது என்பது அவர்கள் ஆசை. அக்காவுக்கு அந்த ஆசை மலையளவு இருந்தது. வெட்கம் அதைவிடப் பெரிதாக இருந்தது. “கொஞ்சம் ஆறட்டும், அப்புறம் வரச் சொல்லலாம்” என்று தள்ளிக்கொண்டே போனாள். எது ஆறப்போகிறது?

மகள்தான் பொறுக்கமாட்டாமல் போய்ச் சொல்லிவிட்டாள். ஒரு ஞாயிறு ஆராதனை முடிந்து போதகர் வந்தார். புதிதாக வந்தவர், சின்ன வயது, நல்ல பிள்ளை. அவருடைய வெள்ளைக் கைக்குட்டைகளை வாராவாரம் நான்தான் இஸ்திரி போடுவேன், நாலாக மடித்து, ஓரம் பிசகாமல். நான் அப்போது கரித்தட்டை மாற்றிக்கொண்டிருந்தேன். அவர் “ஸ்தோத்திரம் அம்மா” என்று கும்பிட்டபடி உள்ளே வந்தார். இரண்டு அடி வைத்திருப்பார். கை தானாகச் சட்டைப்பைக்குப் போயிற்று. கைக்குட்டை மூக்குக்கு வந்தது.

அரை நிமிஷம்கூட இருக்காது. அவரே உணர்ந்து சட்டென்று எடுத்துவிட்டார். ஆனால் அக்கா பார்த்துவிட்டாள். நானும் பார்த்தேன். மடிப்புக் கலையாத என் கைக்குட்டை.

“இன்னிக்கு வேண்டாம்யா” என்றாள் அக்கா. “வயிறு சரியில்ல. இன்னொரு நாள் வாங்க.” சொல்லிவிட்டுச் சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டாள்.

“அம்மா, நான்…”

“இன்னொரு நாள்யா.”

அவர் போனதும் மகள் வாயில் துணியை அடைத்துக்கொண்டு அழுதாள். எனக்கோ உடம்பெல்லாம் பற்றிக்கொண்டு எரிந்தது.

அதன் பிறகு அக்கா ஜெபம் பண்ணுவதையே விட்டாள். புத்தகம் தலைமாட்டில் மூடியபடி கிடந்தது. சாப்பாடும் குறைந்தது. இரண்டு கரண்டிக் கஞ்சி, அதிலும் பாதி வெளியே. புதன்கிழமை மத்தியானம் அவர் கட்டுப் பிரித்துக்கொண்டிருந்தார், நான் படுக்கை விரிப்பு மாற்ற உதவிக்கு நின்றேன். அக்கா தானாகப் பேச ஆரம்பித்தாள்.

“தங்கச்சி, இந்த மனுஷன அந்தக் காலத்துல கடைசி பெஞ்சில உக்கார வெச்சேன். தெரியுமில்ல?”

“தெரியும்க்கா. இப்ப எதுக்கு அது?”

“நாறுதுன்னு உக்கார வெச்சேன். இப்ப பாரு, எனக்கு உக்காரப் பெஞ்சே இல்ல.”

“பெஞ்சு என்னத்துக்கு டீச்சர், கட்டிலே இருக்கு” என்றார் அவர், துணியை நனைத்தபடி.

“வெளையாடாதீங்க. இந்த ஒடம்ப வெச்சுகிட்டு சாமி மொகத்துல நான் எப்படி முழிப்பேன்? அந்தப் புள்ளைக்கே பொறுக்கலியே. சாமிக்குப் பொறுக்குமா?”

நான் வாயை வைத்துக்கொண்டு சும்மா இருந்திருக்கலாம். “அக்கா, நீ தப்பா நெனச்சுக்காதே. சாமின்னா சாமியா மேல இருக்க வேண்டியதுதானே? உங்க சாமிய யாரு மனுஷனா வந்து பொறக்கச் சொன்னது? ஒடம்போட வந்ததனாலதானே இந்த வாடை, வெட்கம் எல்லாம்?”

“நம்மகூட இருக்கணும்னு வந்தாருடி.”

“அப்ப இருக்கட்டுமே. எதுக்கு நீ வேண்டாங்கறே?”

“அவர் ஒடம்பு சுத்தமான ஒடம்பு” என்றாள். “நம்ம மாதிரி இல்ல.”

கறிக்கடைக்காரர் கத்தரிக்கோலைக் கீழே வைத்தார். “டீச்சர், நான் ஒண்ணு கேக்கறேன். கோவிச்சுக்கக் கூடாது. மாம்சம்னா என்ன, மாமிசம்னா என்ன?”

“எத்தன தடவ சொல்றது? மாம்சம்னா மனுஷ சரீரம். மாமிசம்னா நீங்க விக்கிறது.”

“குத்துனா ரெண்டுலயும் ரத்தம் வருமா?”

“வரும்.”

“வெயில்ல கெடந்தா ரெண்டும் கெட்டுப் போகுமா?”

அக்காவின் கண் பிரித்துப் போட்ட கட்டுத் துணிக்குப் போயிற்று.

“அப்ப அன்னிக்கு நான் என்னத்தத் தப்பாப் படிச்சேன்?” என்றார். குரலில் குத்தலே இல்லை. இருபது வருஷமாக நிஜமாகவே தெரிந்துகொள்ள ஆசைப்பட்ட மாதிரி கேட்டார்.

“புள்ளிய முழுங்கிட்டு வியாக்கியானம் வேற” என்றாள் அக்கா. ஆனால் சுவர்ப்பக்கம் திரும்பவில்லை. கூரையையே பார்த்துக்கொண்டு கிடந்தாள். அவர் கட்டு முடித்துக் கடைக்குப் போனார். நான் விரிப்பின் ஓரங்களை மெத்தைக்கு அடியில் செருகிக்கொண்டிருந்தேன்.

“உன் மகன் பொறந்தப்போ மொதல்ல எப்படி இருந்தான்?” என்று திடீரென்று கேட்டாள்.

“எப்படி இருப்பான்? ரத்தமும் வழவழப்புமா, மொகமெல்லாம் வீங்கி. தொடச்சுக் குளிப்பாட்டினப்புறம்தான் புள்ளையாட்டம் தெரிஞ்சான்.”

“வாடை?”

“அடிக்கத்தான் அடிச்சுது. எனக்கா தெரியாது? அப்படியே மாருல போட்டு மோந்துகிட்டே கெடந்தேன். குளிப்பாட்ட வாங்கிட்டுப் போனவகிட்ட சண்டை போட்டேன்.”

“நீ சண்டை போடாத எடம் எது?” என்றாள். டம்ளர் கிணுகிணுத்தது. பிறகு மெதுவாக, தனக்கே சொல்லிக்கொள்வது போல, “எங்க சாமியும் அப்படித்தானே வந்திருப்பாரு? மாட்டுக் கொட்டாயில, ரத்தமும் நீருமா. குளிச்சிட்டா வந்தாரு?” என்றாள். கண்ணோரத்தில் தண்ணீர் வழிந்து காதுக்குள் போயிற்று. நான் துடைத்தேன்.

“அவரக் கூப்பிடு” என்றாள்.

கறிக்கடைக்காரர் ஏப்ரனில் கையைத் துடைத்துக்கொண்டு வந்தார்.

“போதகர் ஐயாவ வரச் சொல்லுங்க. நான் வாங்கிக்கறேன்.”

அவர் முகம் மலர்ந்தது. “சொல்றேன் டீச்சர். நாளைக்கே சொல்றேன். கடைய அடைச்சிட்டு, நல்லாத் தேச்சுக் குளிச்சிட்டு, அந்த வெள்ளச் சட்டைய…”

“நீங்க குளிக்கக் கூடாது.”

“என்னது?”

“கடையில இருந்து அப்படியே வாங்க. இந்த ஏப்ரனோட. வந்து எம் பக்கத்துல உக்காருங்க.”

“டீச்சர், ஐயா வரும்போது எப்படி…”

“எது யார் வாடைன்னு யாருக்கும் தெரியக் கூடாது” என்றாள் அக்கா. “நான் மட்டும் தனியா நாற மாட்டேன். சொல்லிட்டேன்.”

அவர் நின்றார். கடைக்குள் போனார். மறுபடி கத்திச் சத்தம் கேட்டது, தொடர்ந்து, நிற்காமல். எட்டிப் பார்த்தேன். கட்டையின் மேல் கறியே இல்லை. வெறும் கட்டையை வெட்டிக்கொண்டிருந்தார்.

அன்றைக்குச் சாயங்காலம் போதகர் கைக்குட்டைகளை வாங்க என் கடைக்கு வந்தார். நான் அடுக்கைக் கையில் பிடித்துக்கொண்டே கேட்டேன், “ஐயா, இத நான்தான் இஸ்திரி போடறேன். அந்தம்மா மொகத்துக்கு நேரா விரிக்கறதுக்கா போட்டுக் குடுத்தேன்?”

அவர் முகம் வெளுத்துவிட்டது. “தெரியாமக் கை போயிடுச்சுக்கா. அன்னையிலேருந்து சாப்பாடே எறங்கல.”

“தெரிஞ்சு பண்ணியிருந்தா சண்டை போட்டுட்டு மறந்திருப்பேன்யா. தெரியாமப் போச்சு பாருங்க, அதுதான் உள்ள இருக்கறது.” சொன்ன பிறகு எனக்கே அதிகமாகப் பட்டது. அவருக்கு என் மகன் வயசு. ஆனால் என் வாய் எப்போது என்னைக் கேட்டிருக்கிறது? “நாளைக்கு மத்தியானம் வாங்க. அக்கா வரச் சொல்லுச்சு.”

அவர் தலையாட்டினார். கைக்குட்டைகளை நீட்டினேன். “இங்கயே இருக்கட்டும்க்கா” என்று போய்விட்டார்.

மறுநாள் பன்னிரண்டு மணிக்கு வந்தார். நேராகக் கட்டிலில், அக்காவின் இடுப்பருகே உட்கார்ந்தார். நாற்காலி போட்டிருந்தேன், பார்க்கவே இல்லை. கறிக்கடைக்காரர் கடையிலிருந்து வந்தார். ஏப்ரன் முழுக்க ரத்தம், புஜத்தில் கொழுப்பு, தலைமுடியில் எலும்புத் தூள்.

“கையாவது கழுவிக்கலாமா டீச்சர்?” என்று கேட்டார்.

“கைய மட்டும் கழுவிக்கோங்க” என்றாள் அக்கா பெருந்தன்மையாக.

அவர் தலைமாட்டில் உட்கார்ந்து அவள் தலையைத் தன் மடியில் எடுத்து வைத்துக்கொண்டார். அந்தச் சின்ன அறையில் இரண்டு வாடையும் கலந்துவிட்டன. எனக்குத் தொழிலே மூக்குதான், ஆனாலும் பிரித்துச் சொல்ல முடியவில்லை. போதகர் புத்தகத்தைத் திறந்தார். “ஐயா, அந்தப் பாகத்த அவரப் படிக்கச் சொல்லுங்க” என்றாள் அக்கா. எந்தப் பாகம் என்று போதகருக்குத் தெரிந்திருந்தது. ஊருக்கே தெரியும்.

கறிக்கடைக்காரர் வாங்கிக்கொண்டார். எழுத்தெழுத்தாகப் படித்துக்கொண்டு வந்தார். அந்தச் சொல்லுக்கு வந்ததும் நின்றார். உதட்டைக் கூட்டினார், விட்டார். மூச்சை இழுத்துப் பிடித்துப் படித்தார்.

“மாமிசமாகி…”

ஐயோ என்று ஆகிவிட்டது எனக்கு. அவர் பயந்துபோய் மடியைப் பார்த்தார். அக்கா சிரித்துக்கொண்டிருந்தாள். சத்தம் வரவில்லை, கட்டின் மேல் கையை அழுத்திக்கொண்டு, வலிக்க வலிக்கச் சிரித்தாள். “நீங்க திருந்தவே மாட்டீங்க” என்றாள். “பரவால்ல. மேல படிங்க.”

போதகர் சிரிக்கவில்லை. அப்பத்தைத் தண்ணீரில் தொட்டுக் கொடுத்தார். நகத்தளவுதான். அதுவே தொண்டையில் நின்றது. கறிக்கடைக்காரர் டம்ளரிலிருந்து விரலால் தொட்டுத் தொட்டுச் சொட்டு விட்டார். நாங்கள் மூன்று பேரும் அந்தக் கழுத்தையே பார்த்துக்கொண்டிருந்தோம்.

“எறங்கிடுச்சு” என்றாள் அக்கா.

ஒன்பதாவது நாள், சனிக்கிழமை காலை பத்து மணி. கறிக்கடையில் நல்ல கூட்டம். அவர் வெட்டிக்கொண்டே இருந்தவர் பாதியில் நிறுத்தினார். எதற்கு நிறுத்தினார் என்று அவருக்கே தெரியவில்லை என்று பிறகு சொன்னார். கத்தியைக் கட்டையில் குத்திவிட்டு உள்ளே போனார். கொஞ்ச நேரம் கழித்து, “இஸ்திரி” என்று ஒரு குரல் மட்டும் கேட்டது. பெட்டியைத் துணியின் மேலேயே விட்டுவிட்டு ஓடினேன். யாருடைய பாவாடையோ கருகிப்போயிற்று. அலமாரியில் டம்ளர் அசையாமல் இருந்தது.

மறுநாள் அடக்கம். வெள்ளைச் சட்டையை நான் இஸ்திரி போட்டுக் கொடுத்தேன். மகள் அவருக்கு வெந்நீர் வைத்திருந்தாள்.

“அப்பா, குளிச்சிட்டு வாங்க. எல்லாரும் வந்துட்டாங்க.”

“வேண்டாம்மா.”

“அப்பா, நேத்துக் கடையில நின்ன அதே ஒடம்பு. அம்மாவுக்குப் புடிக்காதுப்பா. ஆலயத்துக்குப் போறோம்.”

“உங்கம்மாதான் சொல்லியிருக்கா” என்றார். மகள் என்னைப் பார்த்தாள். நான் ஆமாம் என்று தலையாட்டினேன். எப்படி அதை விளக்குவது?

குளிக்காத உடம்பின் மேலேயே வெள்ளைச் சட்டையை மாட்டிக்கொண்டார். அக்காவைச் சவப்பெட்டிக்குள் வைக்க நாலு பேர் வந்தார்கள். அவர் யாரையும் விடவில்லை. தானே குனிந்து, தோளுக்கு அடியில் ஒரு கை, முழங்காலுக்கு அடியில் ஒரு கை கொடுத்து, நெஞ்சோடு சேர்த்துத் தூக்கினார். கட்டு நனைந்திருந்தது. சட்டையின் மார்பில் ஈரம் அப்படியே ஒட்டியது. அதோடுதான் ஆலயத்துக்கு வந்தார். கடைசி பெஞ்சைத் தாண்டி நடந்தார். முன் வரிசையில் அக்காவின் இடத்தில் போய் உட்கார்ந்தார்.

நான் அதே பக்கவாட்டுக் கதவருகே நின்றேன். போதகர் அவரை வாசிக்கக் கூப்பிட்டார். இருபது வருஷத்துக்கு முன்னால் மூக்கால் சிரித்தவன் இப்போது தலை நரைத்துப் பாடகர் குழுவில் நின்றுகொண்டிருந்தான். அவன் கண்ணைத் தாழ்த்திக்கொண்டான். சொல்லக் கூச்சமாக இருக்கிறது, எனக்கு அவர் தப்பாகப் படிக்கவேண்டும் என்றே ஆசை. அக்கா கடைசியாகச் சிரித்த சொல் அது.

அவர் படித்துக்கொண்டு வந்தார், எழுத்தெழுத்தாக. அந்த இடத்தில் நின்றார். பெட்டியை ஒரு தடவை பார்த்துக்கொண்டார்.

“மாம்சமாகி” என்றார். தெளிவாக, புள்ளி பிசகாமல்.

அடக்கம் முடிந்து எல்லோரும் கலைந்தபோது என்னிடம் வந்தார். “சரியாப் படிச்சேனா இஸ்திரி?”

“சரியாப் படிச்சீங்கண்ணே.”

“கட்டைக்கிட்ட நின்னு சொல்லிச் சொல்லிப் பாத்தேன். அவ படுத்திருந்தா, கேட்டுகிட்டுதான் இருந்திருப்பா. அப்பெல்லாம் வாயில வரல. ஒரு தடவகூட வரல. நேத்துதான் வந்துச்சு, இஸ்திரி. அவ போனப்புறம் வந்துச்சு.” அந்தப் பெரிய உடம்பு குலுங்கிக் குலுங்கி அழுதது. நானும் அழுதேன்.

பத்து நாள் கழித்து மத்தியானம் என் கடைக்கு வந்தார். கையில் அந்த வெள்ளைச் சட்டை, சுருட்டியபடி. மேசையில் வைத்துவிட்டுத் தெருவைப் பார்த்தார்.

“மடிப்பு கலைஞ்சு கெடக்கு. துணிப் பெட்டியில எடுத்து வெக்கணும்.”

எடுத்து விரித்தேன். மார்பில் மஞ்சளாகக் காய்ந்த கறை.

“துவைக்கலியாண்ணே?”

“துவைக்கல” என்றார். பலகையை அவர் பார்க்கவில்லை. அதில் என்ன எழுதியிருக்கிறது என்று எழுத்துக் கூட்டாமலே அவருக்குத் தெரியும், எழுதினபோது மைப்புட்டியைப் பிடித்துக்கொண்டு நின்றவரே அவர்தான். “முடியாதுன்னா வேண்டாம் இஸ்திரி. குடுத்துடு. கோவிச்சுக்க மாட்டேன்.”

“உக்காருங்க” என்றேன்.

பலகையைக் கழற்றினேன். அக்காவின் எழுத்து முத்து முத்தாக இருந்தது. முகம் சுவரைப் பார்க்கத் திருப்பி வைத்தேன். கரியை ஊதிவிட்டு, பெட்டியை எடுத்து, முதலில் காலரில் வைத்தேன், பிறகு தோள், பிறகு மார்பு. சூடு ஏற ஏற வாடை எழுந்தது. முதலில் அவருடையது வந்தது, கடை வாடை, ரத்தம், கொழுப்பு. பின்னாலேயே அக்காவுடையது வந்தது. அவர் கண்ணை மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். நான் மூக்கை மூடவில்லை. அடுத்த தடவை பெட்டியை இழுத்தபோது எது யார் வாடை என்று எனக்கே தெரியவில்லை.